குடத்தில் வெட்டிய வேட்கை

அக்கா,

குடத்தைப் புளி போட்டுத் தேய்த்துக் கவிழ்த்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறேன். கை இன்னும் மணக்கிறது. பித்தளையும் புளியும் சேர்ந்து வரும் இந்த மணம் உன் கையில் எப்போதும் இருக்கும். கம்மஞ்சோற்றை உருட்டிக் கொடுத்தாலும் இந்த மணம்தான், நெற்றியைத் தொட்டுக் காய்ச்சல் பார்த்தாலும் இந்த மணம்தான். முகர்ந்தவுடன் உனக்கு எழுத வேண்டும் என்று தோன்றியது. இவ்வளவு எழுதுவதற்கு அரை மணி நேரம் ஆகியிருக்கிறது. ஆகட்டும். எனக்கு வேறு அவசரம் இல்லை.

கடிதம் என்றால் முதலில் நலம் விசாரிக்க வேண்டும் என்று மேரி டீச்சர் சொல்லிக் கொடுத்திருக்கிறாள். உன்னிடம் என்ன விசாரிப்பது? போன சித்திரையில் உன்னைக் கொண்டுபோய் வைத்த இடத்தில் இப்போது ஆவாரஞ்செடி இடுப்பு உயரம் நிற்கிறது. அதனால் என் நலத்தை மட்டும் சொல்கிறேன். எனக்குப் படிக்க வருகிறது, அக்கா. விளாத்திகுளத்துக்கு பஸ்ஸில் போனால் வழியில் இருக்கும் பலகைகளை எல்லாம் வாய்விட்டுப் படித்துக்கொண்டே போகிறேன். 'உரம் கிடைக்கும்.' 'வத்தல் கமிஷன் மண்டி.' 'இங்கு பஞ்சர் ஒட்டப்படும்.' பக்கத்து சீட்டுக்காரர்கள் ஒரு மாதிரி பார்க்கிறார்கள். பார்த்துவிட்டுப் போகட்டும். எழுபத்து மூன்று வருஷமாக இந்த ரோடு வாயை மூடிக்கொண்டு இருந்தது. இப்போது எல்லாம் சேர்ந்து ஒரே நேரத்தில் பேசுகிறது. நான் பதில் சொல்ல வேண்டாமா?

இந்தக் குடமும் நமக்கு நடுவில் ஐம்பத்தெட்டு வருஷம் வாயை மூடிக்கொண்டுதான் இருந்தது. அந்தக் கதையைத்தான் எழுதப் போகிறேன். உனக்குத் தெரிந்த கதைதான். ஆனாலும் எழுத்தில் ஒரு தடவை இருக்க வேண்டும்.

உன் கல்யாணத்துக்கு ஒரு வாரம் இருந்தது. அப்பா என்னைக் கோவில்பட்டிக்குக் கூட்டிப் போனார். பாத்திரக்கடையில் நாலைந்து குடங்களை விரலால் சுண்டி ஓசை பார்த்து, உனக்கென்று இந்தக் குடத்தை எடுத்தார். கடை வாசலில் பெயர் வெட்டுகிறவர் சாக்கு விரித்து உட்கார்ந்திருந்தார். சீர்ப் பாத்திரத்தில் பெண்ணின் பெயரை வெட்டிக் கொடுப்பதுதானே வழக்கம். போன வீட்டில் நூறு பாத்திரம் கலந்து கிடந்தாலும் இது என்னுடையது என்று எடுத்துக்கொள்ளலாம். "அக்கா பேரைச் சொல்லி வெட்டி வாங்கிட்டு இங்கனயே நில்லு. நான் பருத்தி விதை பார்த்துட்டு வாரேன்" என்று அப்பா என்னை நிறுத்திவிட்டுப் போனார்.

அப்போது எனக்குப் பதினைந்து வயது. ஆடு மேய்க்கிறவனுக்கு எழுத்து என்பது தூரத்தில் கறுத்துத் தெரிகிற மழை மாதிரி. எங்கேயோ பெய்கிறது, நம் புஞ்சையில் இல்லை. பள்ளிக்கூடத்துச் சுவரை ஒட்டி ஆட்டைப் பத்திக்கொண்டு போகும்போதெல்லாம் உள்ளே பிள்ளைகள் மணலில் விரல் வைத்து எழுதுவதைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். ஒருநாள் ஒருவனிடம் என் பெயரை எழுதிக் காட்டச் சொன்னேன். எழுதினான். சுற்றி நின்றவர்கள் எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவன் என்ன எழுதினான் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. என் பெயர் இல்லை என்பது மட்டும் தெரிந்தது. அன்றிலிருந்து, ஒரே ஒரு தடவை, எங்கேயாவது, அழியாத ஒன்றில், என் பெயரை எழுத்தாகப் பார்த்துவிட வேண்டும் என்று ஒன்று என்னைப் பிடித்துக்கொண்டது. அதற்கு என்ன பெயர் என்று அப்போது தெரியாது.

"என்ன பேருலே?" என்று வெட்டுகிறவர் உளியை எடுத்தார்.

நான் சொன்னேன். "வேலுச்சாமி."

அவர் நிமிர்ந்து பார்த்தார். "யாருக்குக் கல்யாணம்?"

"எங்க அக்காவுக்கு."

"உங்க அக்கா பேரு வேலுச்சாமியா?"

"இல்ல. எங்க ஊருல தம்பி பேருதான் வெட்டணும். அதான் பழக்கம்."

"அப்படி ஒரு பழக்கத்தை நான் கேள்விப்பட்டதே இல்லையே" என்றார். ஆனால் அவருக்கு என்ன, புள்ளி புள்ளியாகத் தட்ட ஆரம்பித்தார். ஐந்து எழுத்து. ஒவ்வொரு புள்ளி விழும்போதும் எனக்கு நெஞ்சில் விழுகிற மாதிரி இருந்தது. அப்பா வந்து பார்த்து, "நல்லா வெட்டியிருக்காரு" என்று தடவிக் கொடுத்தார். அவருக்கும் படிக்கத் தெரியாது. நம் வீட்டில் யாருக்குத் தெரியும்? அந்தத் தைரியத்தில்தானே நான் செய்தேன்.

பஸ்ஸில் வீடு வரும்வரை குடத்தை மடியில் வைத்துக்கொண்டு தடவிக்கொண்டே வந்தேன். வீட்டு வாசலிலேயே நீ வாங்கிக்கொண்டாய். "எங்கலே என் பேரு?" என்று கேட்டாய். காட்டினேன். நீ விரல் வைத்து ஒவ்வொரு எழுத்தாகத் தடவினாய். "என் பேரு சொல்லும்போது எவ்வளவு நீளமா இருக்கு, எழுதுனா இம்புட்டுத்தானா?"

"எழுத்துன்னா அப்படித்தான். சுருங்கிப்போகும்" என்றேன்.

நீ நம்பினாய். நெஞ்சோடு சேர்த்து வைத்துக்கொண்டாய். உண்மையைச் சொல்லிவிட வாய் வரை வந்தது. சொல்லவில்லை. குடமும் நீயும் குளத்தூர்ப் பக்கம் உன் புருஷன் ஊருக்குப் போய்விட்டீர்கள்.

அதன் பிறகு உன்னைப் பார்க்க வரும்போதெல்லாம் நான் வாசல்படியிலேயே தண்ணீர் கேட்பேன். நீ குடத்தைச் சாய்த்து ஊற்றுவாய். செம்பு வாயில் இருக்கும், கண் குடத்தில் இருக்கும். "ஏலே, அக்காவைப் பார்க்க வாரியா, தண்ணி குடிக்க வாரியா?" என்று கேட்பாய். உன் கொழுந்தன் மற்றவர்களையும் சேர்த்துக்கொண்டு எனக்கு 'குடத்து மச்சான்' என்று பெயரே வைத்துவிட்டார். ஊருக்குள் கால் வைத்தால் போதும், "குடத்து மச்சான் வந்தாச்சு, ஊருணி வத்திப்போகும்" என்பார். தண்ணீர் கேட்கிற பழக்கத்தால் வந்த பெயர் என்று நானும் சிரித்துக்கொண்டேன். எத்தனை வருஷம் அப்படி நினைத்தேன், பார்.

உன் வீட்டுக்காரர் போன பிறகு, இரண்டு பெண்களையும் கட்டிக் கொடுத்துவிட்டு நீ நம் ஊருக்கே திரும்பி வந்தாய். என் வீட்டுக்குப் பக்கத்து வீடு. வரும்போது இடுப்பில் இந்தக் குடம். பிளாஸ்டிக் குடம் வந்து எல்லாரும் பித்தளையைப் போட்டுவிட்டு மாறிய பிறகும் குடிதண்ணீருக்கு நீ இதைத்தான் வைத்திருந்தாய். மற்றபடி உனக்கு எதுவுமே வேண்டாம். சோறு போடவா என்றால் வேண்டாம். பொங்கலுக்குச் சேலை எடுக்கவா என்றால் வேண்டாம், இருக்கது போதும். மூத்தவள் கூட்டிக்கொண்டு போகிறேன் என்றாலும் வேண்டாம். உன் வாயில் அந்த ஒரு சொல் தேய்ந்த காசு மாதிரி கிடந்தது.

அதனால்தான் மேரி டீச்சர் வீடு வீடாக வந்து, பால்வாடியில் பெரியவர்களுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுக்கப் போகிறேன், வாருங்கள் என்று கூப்பிட்டபோது நீயும் வேண்டாம் என்பாய் என்று நிம்மதியாக இருந்தேன். நீ, "எத்தனை மணிக்கு வரணும்ட்டி?" என்று கேட்டாய். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நீ படித்துவிட்டால் குடத்தைப் படித்துவிடுவாயே! வயதான காலத்தில் எனக்கு அவமானம் கிடக்கட்டும். தன் பெயர் என்று தடவித் தடவி வைத்திருந்தது தன் பெயர் இல்லை என்று தெரிந்தால் நீ என்ன ஆவாய்? அதுதான் பயம்.

நான் படிக்க வந்த காரணம் அதுதான், அக்கா. படிப்பதற்காக வரவில்லை. நீ எந்த எழுத்து வரை வந்திருக்கிறாய் என்று பார்த்துக்கொள்ள வந்தேன்.

பிள்ளைகள் போன பிறகு நாலு மணிக்குப் பால்வாடிக்குப் போவோம். குட்டி நாற்காலியில் உட்கார முடியாமல் தரையில் உட்கார்ந்தோம். டீச்சர் 'ட' சொல்லிக் கொடுத்தாள், 'ப' சொல்லிக் கொடுத்தாள். 'வ' வருவதற்கு இன்னும் நாள் இருக்கிறது என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். மூன்றாவது வாரம், நோட்டுக் கொடுத்தார்கள். அட்டையில் ஏதோ ஒரு வரி அச்சடித்திருந்தது. நீ அதைப் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, நடுவில் ஒரு எழுத்தில் விரலை வைத்தாய்.

"டீச்சர், இது 'வே' தான?"

டீச்சருக்கு ஆச்சரியம். "ஆச்சி, நான் இன்னும் 'வ' சொல்லியே கொடுக்கலையே. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எங்கயோ பார்த்தது" என்றாய். நீ என் பக்கம் திரும்பவே இல்லை. அப்போதும் எனக்குப் புரியவில்லை. எழுத்து தெரியாதவன் மட்டும் இல்லை, மடையனாகவும் இருந்திருக்கிறேன்.

"இது என்ன வார்த்தை?" என்று கேட்டாய்.

"வேட்கை. 'கற்கும் வேட்கைக்கு வயதில்லை'ன்னு எழுதியிருக்கு."

"வேட்கைன்னா?"

"ஆசை, ஆச்சி. பெரிய ஆசை."

நீ விடவில்லை. "ஆசைன்னா ஆசைன்னே போட வேண்டியதான? பெரிசுன்னா பெரிய ஆசைன்னு போட வேண்டியதான? இதுக்குன்னு தனியா ஒரு வார்த்தை செஞ்சு வச்சிருக்கான்னா இது வேற என்னமோ. நீ மழுப்பாதட்டி, பார்த்துச் சொல்லு."

டீச்சர் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டாள். மறுநாள் அகராதியைப் பார்த்துவிட்டு வந்தாள். அவள் சொன்னதை நான் அப்படியே மனதில் வைத்திருக்கிறேன். வேட்கைக்கு வேர் 'வேள்' என்கிற பழைய சொல். விரும்பு என்று அர்த்தம். அதே வேரில் இருந்துதான் வேள்வி வந்தது. தாகத்துக்கும் வேட்கை என்று பெயர் உண்டு. நீர்வேட்கை என்று எழுதுவார்களாம். எலக்‌ஷனில் நிற்கிறவரை வேட்பாளர் என்கிறோமே, அதிலும் அந்த வேர்தான் இருக்கிறது. அந்தப் பதவியை விரும்புகிறவர்.

"அப்படிச் சொல்லு! கும்பிட்டுக்கிட்டு வாரவன் எல்லாம் தாகம் எடுத்துத்தான் வாரானா?" என்று நீ சொன்னதும் பால்வாடியே சிரித்தது.

"வேட்டையும் அதுல இருந்து வந்ததா?" என்று நான் கேட்டேன்.

"அது எனக்குச் சரியாத் தெரியலை தாத்தா. தெரியாததைச் சொல்லக்கூடாது" என்றாள். எனக்கு அவளை அந்த நிமிஷத்தில் ரொம்பப் பிடித்துப்போனது. பிறகு அவள் கடைசியாக ஒன்று சொன்னாள். "நாம தினமும் பேசுதோமே, வேணும், வேணும்னு. வேண்டும்ங்கிறதும் அந்த வேருல முளைச்சதுதான்னு சொல்லுதாங்க."

வீட்டுக்கு நடந்து வரும்போது, "ஏலே, இம்புட்டுப் பெரிய வார்த்தை தினமும் வாயில இருந்திருக்கு. நான் அதை எடுத்ததே இல்லையே" என்றாய்.

அதன் பிறகு ஆட்டோடு காட்டில் நிற்கும்போதெல்லாம் அந்தச் சொல்லை வாயில் போட்டுச் சப்பிக்கொண்டிருந்தேன். ஆசையும் வேட்கையும் ஒன்றில்லை என்று நீ சொன்னது சரிதான். நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். கோடையில் கரிசக்காடு வெடித்துக் கிடக்கும்போது ஆடுகளைப் பத்திக்கொண்டு போனால், வழியில் பசுந்தழை கண்டால் தலையை நீட்டும். அதட்டினால் விட்டுவிடும். அது ஆசை. ஆனால் அரை மைல் தூரத்தில் ஊருணி இருக்கும்போதே காற்றில் தண்ணீர் வாடை வந்துவிட்டால் அத்தனையும் தலையைத் தூக்கும். பிறகு கம்பாவது, அதட்டலாவது. மேய்க்கிறவனையே தள்ளிவிட்டு ஓடும். கடை வாசலில் உளிக்கு முன்னால் உட்கார்ந்து நான் என் பெயரைச் சொன்னபோது எனக்கு வந்தது அதுதான். அதற்குப் பெயர் கிடைக்க இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது.

பெயர் கிடைத்ததால் குற்றம் போய்விடுமா? வேட்கையில் ஓடுகிற ஆடு குட்டியை மிதித்தால் குட்டிக்கு வலிக்காமல் இருக்குமா? உன்னிடம் சொல்லிவிட வேண்டும் என்று தினமும் கிளம்புவேன். உன் வாசல் வரை வந்து, தண்ணீர் குடித்துவிட்டுத் திரும்புவேன்.

அதற்குள் பங்குனியில் நீ படுத்துவிட்டாய். ஒன்பது நாள் அன்னம் இறங்கவில்லை. பேச்சு நின்றது. உயிர் மட்டும் இழுத்துக்கொண்டு கிடந்தது. உன் பெண்கள் வந்தார்கள். குளத்தூர்ப் பக்கமிருந்து உன் கொழுந்தன் வந்தார், துண்டில் மண்ணை முடிந்துகொண்டு. அப்படி இழுத்துக்கொண்டு கிடந்தால் ஏதோ ஒரு ஆசை உயிரைப் பிடித்து வைத்திருக்கிறது என்பதுதானே நம் பக்கத்து நம்பிக்கை. மண்ணாசை என்றால் சொந்த நிலத்து மண்ணைக் கரைத்து வாயில் விடுவார்கள். பொன்னாசை என்றால் நகையை உரைத்த தண்ணீர்.

"மதினிக்கு மண்ணாசைதான். அந்த மொளகாக் காட்டுல அவிய பாடுபட்ட பாடு எனக்குத்தான தெரியும்" என்று கொழுந்தன் உன் குடத்துத் தண்ணீரிலேயே கரிசல் மண்ணைக் கரைத்தார். சங்கில் எடுத்து விட்டார். நீ உதட்டை மூடிக்கொண்டாய். கறுப்புத் தண்ணீர் கன்னத்தில் வழிந்து தலையணைக்குப் போனது. மூத்தவள் தன் தோட்டைக் கழற்றிக் கல்லில் உரைத்து அந்தத் தண்ணீரை விட்டாள். அதுவும் வழிந்தது.

"எங்கம்மா எதையும் வேணும்னு சொன்னவளே இல்லையே. இப்ப என்னத்தைன்னு தேட?" என்று அவள் அழுதாள்.

கொழுந்தன் என்னைப் பார்த்தார். "குடத்து மச்சான், உமக்குத் தெரியாம இருக்காது. கூடப் பிறந்தவரு. யோசிச்சுப் பாரும்."

எனக்கு யோசிக்க என்ன இருந்தது? உனக்கென்று வந்த ஒரே ஒரு பெயரை நான் எடுத்துக்கொண்டேன். அதுதான் உன்னைப் பிடித்து வைத்திருக்கிறது என்று எனக்கு அந்த இடத்திலேயே உறுதியாகிவிட்டது. எல்லாரையும் கொஞ்சம் வெளியே இருக்கச் சொன்னேன். நல்ல மத்தியானம். ஓட்டு இடைவெளியில் விழுந்த வெயில் குடத்தின் மேல் இருந்தது. உன் காதருகில் உட்கார்ந்து, "எக்கா, அந்தக் குடத்துல இருக்கது உன் பேரு இல்ல. என் பேரு. நான்தான் மாத்திச் சொல்லி வெட்டுனேன். என்னை மன்னிச்சிரு" என்றேன். அதற்கு மேல் வரவில்லை. அழுதுவிட்டேன்.

உன் உதடு அசைந்தது. குனிந்து கேட்டேன்.

"தெரியும்லே."

கண்ணைத் திறந்திருந்தாய்! "தண்ணி" என்றாய். ஊற்றினேன். குடித்தாய். வெளியே ஓடிப்போய்ச் சொன்னேன். எல்லாரும் உள்ளே வந்து பார்த்துவிட்டு, "என்னத்தைக் கரைச்சு ஊத்தினீரு மச்சான்?" என்று கேட்டார்கள். என்ன சொல்ல? ஐம்பத்தெட்டு வருஷத்துப் பொய்யைக் கரைத்தேன் என்றா?

அதற்குப் பிறகு நீ பதினோரு நாள் இருந்தாய். கஞ்சி குடித்தாய். கொஞ்சம் கொஞ்சமாக எனக்குக் கதை சொன்னாய். கல்யாணமான முதல் வருஷமே தெரிந்துவிட்டதாம். ஒரு காதுகுத்து வீட்டில் பாத்திரம் எல்லாம் கலந்துபோய், எழுத்துத் தெரிந்த ஒருத்தி பெயரைப் படித்துப் படித்துப் பிரித்துக் கொடுத்திருக்கிறாள். இந்தக் குடத்தை எடுத்து, "வேலுச்சாமி யாருட்டி? எவ கொண்டாந்த குடம் இது?" என்று கூட்டத்தில் கேட்டுவிட்டாள். புதுப்பெண் குடத்தில் வேறு ஒரு ஆம்பளை பெயர்! அத்தான் முகம் கறுத்துவிட்டது. மாமியார் வாசலில் நிற்கிறாள்.

"அப்ப நீ என்னக்கா சொன்ன?"

"என்ன சொல்ல? அது எங்க தம்பி பேரு. எங்க ஊருல சீருக்குடத்துல தம்பி பேருதான் வெட்டணும், அதான் பழக்கம்னு சொன்னேன்."

கடை வாசலில் நான் சொன்ன அதே பொய். நீ கேட்கவும் இல்லை, நான் சொல்லவும் இல்லை. ஒரு வயிற்றில் பிறந்த இரண்டு பேருக்கு ஒரே பொய் முளைத்திருக்கிறது! நான் அதைச் சொன்னதும் நீ சிரித்தாய். சிரித்ததில் இருமல் வந்து, மூத்தவள் ஓடி வந்து என்னைத் திட்டினாள்.

"அதோட விட்டுதா?" என்றாய். "நல்ல பழக்கமா இருக்கேன்னு அந்த ஊருல ரெண்டு மூணு வீட்டுல தம்பி பேரை வெட்ட ஆரம்பிச்சிட்டாவ. இன்னும் வெட்டுதாவ. உனக்குக் குடத்து மச்சான்னு ஏன் பேரு வந்துதுன்னு நெனச்ச? நீ தண்ணி குடிச்சதுக்காலே?"

அன்றுதான் எனக்கு விளங்கியது. அந்த ஊர் என்னைக் கேலி செய்யவில்லை. அக்காவுக்குத் தன் பெயரில் சீர் கொடுத்த தம்பி என்று மரியாதை செய்திருக்கிறது. அது நான் திருடின மரியாதை. நான் கொடுத்ததாக நீ அதை மாற்றி வைத்திருக்கிறாய்.

"உனக்குக் கோவம் வரலையாக்கா?"

"வராம? அடுத்த தடவை நீ வாசல்ல வந்து தண்ணி கேட்டப்ப, ஊத்தக்கூடாதுன்னுதான் இருந்தேன். ஆனா நீ குடத்தைப் பார்த்தியே ஒரு பார்வை. ஆட்டுக்குட்டி ஊருணியப் பார்த்த மாதிரி. அப்புறம் எப்படி கேக்க? அந்த அஞ்சு எழுத்தையும் நானும் தடவித் தடவியே படிச்சு வச்சிருந்தேன். நீ வராத வருசம் எல்லாம் அதைத்தான் தொட்டுக்கிடுவேன்."

நோட்டு அட்டையில் 'வே' என்ற எழுத்து உனக்கு எப்படித் தெரிந்தது என்று அப்போதுதான் எனக்கு விடிந்தது.

கடைசிக்கு முந்தின நாள் காலையில் நீ என் கையைப் பிடித்துக்கொண்டாய். மூத்தவளும் பக்கத்தில் இருந்தாள். சன்னமாகத்தான் சொன்னாய், ஆனால் தெளிவாகச் சொன்னாய். "ஏலே தம்பி, அந்தக் குடத்துல எனக்கும் என் பேரு வேணும்."

வேணும். உன் வாயிலிருந்து அது வந்ததை மூத்தவளும் கேட்டாள். என்னை விட அவள்தான் அதிகம் அழுதாள்.

"இன்னைக்கே கோவில்பட்டிக்குப் போய் வெட்டிட்டு வாரேன்" என்று எழுந்தேன். நீ விடவில்லை. "வாயால சொல்லாதலே. உன் வாயை நான் நம்ப மாட்டேன்" என்று கண்ணைச் சிமிட்டினாய். "நீயே எழுதிக் குடு."

உன் பெயரில் ஏழு எழுத்து. அன்றைக்கு எனக்குத் தெரிந்தது அதில் மூன்றுதான். மறுநாள் நீ போய்விட்டாய். வாயில் ஊற்றிய கடைசித் தண்ணீரில் நாங்கள் எதையும் கரைக்கவில்லை. வெறும் தண்ணீர். மடக்கென்று இறங்கியது.

மீதி நாலு எழுத்துக்காகத்தான் நான் தொடர்ந்து பால்வாடிக்குப் போனேன். டீச்சரிடம் உன் பெயரை எழுதிக் காட்டு என்று கேட்டிருந்தால் ஒரு நிமிஷத்தில் எழுதியிருப்பாள், நான் பார்த்து எழுதியிருப்பேன். அது படம் வரைவது மாதிரி. எனக்கு அது வேண்டாம். ஒவ்வொரு எழுத்தும் அதன் முறை வரும்போது வரட்டும் என்று காத்திருந்தேன். நடுவில் தேவையில்லாத எழுத்தெல்லாம் கூட வந்தது. அதனால்தான் இப்போது பஞ்சர்க் கடை வரை படிக்க முடிகிறது. கடைசி எழுத்து வந்த அன்று டீச்சருக்குக் கூடச் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்து, கதவைச் சாத்திக்கொண்டு, நோட்டில் எழுதினேன். ஏழு எழுத்தும் வரிசையாக நின்றன. வாய்விட்டுப் படித்தேன். யாரோ உன்னை வாசலில் நின்று கூப்பிட்ட மாதிரி இருந்தது.

இன்றைக்குக் காலையில் கோவில்பட்டிக்குப் போய் வந்தேன். குடத்தை மடியில் வைத்துக்கொண்டு, அதே மாதிரி. இப்போது உளி இல்லை. ஒரு இளவட்டம் கரண்டில் ஓடுகிற ஊசியை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். "என்ன பேரு தாத்தா? சொல்லுங்க" என்றான்.

நான் சொல்லவில்லை. சட்டைப் பையிலிருந்து சீட்டை எடுத்துக் கொடுத்தேன்.

அவன் அதைச் சத்தமாகப் படித்தான். ஒரு எழுத்துக் கூடப் பிசகாமல் உன் பெயர் வந்தது, அக்கா. அவன் உன்னைப் பார்த்ததில்லை, உன் பெயரைக் கேட்டதில்லை. நான் எழுதினேன், அவன் வாயில் நீ வந்தாய். கடை வாசல் என்று கூடப் பார்க்காமல் சத்தமாகச் சிரித்துவிட்டேன். "ஏன் தாத்தா, தப்பாப் படிச்சிட்டேனா?" என்று கேட்டான். "இல்லய்யா, இன்னொரு தடவை படி" என்றேன்.

"மேல ஏற்கெனவே ஒரு பேரு இருக்கே. அது யாரு?"

"அது நான்."

"அப்ப இது?"

"குடத்துக்காரி" என்றேன்.

என் பெயருக்குக் கீழே உன் பெயர் வந்தது. உன்னுடையது நீளம், என்னுடையதைத் தாண்டி இரண்டு பக்கமும் நீண்டிருக்கிறது. எழுதினால் பெயர் சுருங்காது, அக்கா. அன்றைக்கு நான் சொன்ன அதுவும் பொய்தான். அந்தப் பெயரை இந்த மடலில் நான் எழுதப் போவதில்லை. அது இருக்க வேண்டிய இடத்தில் இருக்கிறது.

வெட்டி முடித்துக் குடத்தைத் துடைத்துக் கொடுத்த பிறகு, அந்தப் பையன் என் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டான்.

"தாத்தா, இது வேணுமா? கிழிச்சுப் போட்டுறவா?"

"வேணும்" என்றேன்.

உன் தம்பி